உரிமம் கேட்காத கேசட்டுகள்

மஞ்சள் நிற பிளாஸ்டிக் ஓடு. நகத்தை விட்டு நெம்பினால் இரண்டாகப் பிளந்துவிடும். உள்ளே உள்ளங்கை அகலத்துக்கு ஒரு பச்சைப் பலகை. அதன் கீழ் விளிம்பில் முன்பக்கம் 30, பின்பக்கம் 30 என்று 60 பட்டைகள். பலகையின் நடுவில், அரக்கை உருக்கிச் சொட்டவிட்டதுபோல் ஒரு கறுப்புக் கட்டி. சிப் அதற்குள் இருக்கிறது. செய்தவர் பெயர் இல்லை, ஊர் இல்லை, வருஷம் இல்லை. வெளியே ஒட்டிய காகிதத்தில் மட்டும் மீசைக்காரர் ஒருவர் குதிக்கிறார், வெற்று மார்போடு இரண்டு பேர் துப்பாக்கி ஏந்தி நிற்கிறார்கள், மேலே ‘64 இன் 1’ என்று கொட்டை எழுத்து. 1990-களில் பள்ளிக்கூடம் போன யாரிடமாவது இதைக் கொடுத்துப் பாருங்கள். பட்டைகளுக்கு நேராக வாயை வைத்து ஒரு ஊது ஊதிவிட்டுத்தான் திருப்பித் தருவார்கள்.

திருவனந்தபுரத்தில் இப்படிப்பட்ட பொருள்கள் வந்து சேரும் இடம் சாலை. கிழக்கே கோட்டையில் தொடங்கிக் கிள்ளிப்பாலம் வரை போகும் இந்தக் கடைத்தெருவை 18-ஆம் நூற்றாண்டின் கடைசியில் திருவிதாங்கூர் திவான் ராஜா கேசவதாஸ் அமைத்தார். நாஞ்சில் நாட்டிலிருந்தும் அதைத் தாண்டித் திருநெல்வேலிச் சீமையிலிருந்தும் வண்டி வண்டியாகச் சரக்கு வந்து இறங்கியது. சரக்கோடு தமிழும் வந்து தங்கிவிட்டது. 1956 நவம்பரில் கன்னியாகுமரி மாவட்டம் சென்னை மாநிலத்தோடு போன பிறகும் நாகர்கோவில்காரர்களுக்குச் சாலை அந்நியமாகிவிடவில்லை. கல்யாணப் பாத்திரமா, பண்டிகைச் சாமானா, பஸ் ஏறி வந்தார்கள்.

இந்தத் தெருவுக்கு ஒரு கதைக்காரரும் வாய்த்தார். சாலையிலேயே கடை நடத்திக்கொண்டு, கல்லாவில் உட்கார்ந்தபடியே தெருவைப் பார்த்துக்கொண்டிருந்த ஆ. மாதவன் (1934–2021). அவருடைய ‘கடைத்தெருக் கதைகள்’ தமிழில் ஒரு சந்தையின் உள்மனசைக் காட்டிய தொகுப்பு. 2015-இல் அவருக்குச் சாகித்திய அகாதெமி விருது கிடைத்தது. சுமை தூக்குகிறவர்களும் சில்லறை வியாபாரிகளும் அன்றாடங்காய்ச்சிகளும் அவர் எழுத்தில் நிலைத்துவிட்டார்கள். பிளாஸ்டிக் வாளிக்கும் டார்ச் லைட்டுக்கும் நடுவே பின்னால் வந்து உட்கார்ந்த டிவி கேம் பெட்டியின் வரலாறுதான் எழுதப்படாமலே போனது. அந்த வரலாற்றின் நுனியைப் பிடித்துக்கொண்டு போனால் கியோட்டோவுக்கும் தாய்பேக்கும் போக வேண்டியிருக்கிறது. திரும்பி வரும்போது பீமாபள்ளி வழியாக வர வேண்டியிருக்கிறது.

கியோட்டோவில் இருந்து தொடங்கலாம். சீட்டுக்கட்டுச் செய்து வளர்ந்த நிண்டெண்டோ நிறுவனம் 1983 ஜூலை 15 அன்று ஃபேமிலி கம்ப்யூட்டர் என்ற பெட்டியை 14,800 யென்னுக்கு விற்பனைக்குக் கொண்டுவந்தது. ஜப்பானியர் அதைச் சுருக்கி ஃபேமிகாம் என்றார்கள். விளையாட்டு இருக்கும் பிளாஸ்டிக் கட்டியை அமெரிக்கர்கள் கார்ட்ரிட்ஜ் என்று சொல்ல, ஜப்பானியக் குழந்தைகள் ‘கசெட்டோ’ என்று சொன்னார்கள். நம் ஊரிலும் அதற்குப் பெயர் கேசட். யாரும் யாரிடமும் கேட்டுக்கொள்ளவில்லை. பாட்டு கேசட், படக் கேசட் என்று ஏற்கெனவே இரண்டு இருக்க, செருகினால் ஓடும் மூன்றாவதுக்கும் அதே பெயர் இரண்டு நாட்டிலும் ஒட்டிக்கொண்டது.

ஃபேமிகாமில் ஒரு குறை இருந்தது. பிறகு நடந்ததெல்லாம் அந்தக் குறையால் வந்தது. செருகப்படும் கேசட் தன் நிறுவனத்தின் அனுமதி பெற்றதா என்று சோதிக்கிற வழி அந்தப் பெட்டிக்குள் இல்லை. 1985-இல் அமெரிக்காவுக்கு அதையே என்இஎஸ் என்று உருமாற்றி அனுப்பியபோது நிண்டெண்டோ பெட்டியில் ஒரு பூட்டுச் சிப்பை வைத்தது. கேசட்டிலும் அதற்கு ஜோடியான சிப் இருந்தால்தான் விளையாட்டு ஓடும். ஜப்பானியப் பெட்டிக்கு அந்தப் பூட்டு கிடையாது. 60 பட்டைகளில் எதில் என்ன மின்சாரம் போகிறது என்று தெரிந்தவர் யாரும் கேசட் செய்யலாம்.

செய்தார்கள். முதலில் ஜப்பானியர்களே செய்தார்கள். இங்கே ‘உரிமம் இல்லாத’ என்ற சொல்லை இரண்டாகப் பிரித்துக்கொள்ள வேண்டும். அடுத்தவர் விளையாட்டை அப்படியே நகலெடுப்பது ஒன்று. தானே ஒரு விளையாட்டை எழுதி, பெட்டி செய்த நிறுவனத்திடம் அனுமதி வாங்காமல் விற்பது இன்னொன்று. இரண்டாவது ரகத்தில் ஜப்பானில் பேர் போனது சதோரு ஹகிவாரா தொடங்கிய ஹாக்கர் இன்டர்நேஷனல்.

1986 பிப்ரவரியில் நிண்டெண்டோ ஃபேமிகாமுக்கு ஒரு வட்டு இயந்திரத்தைக் கொண்டுவந்தது. கடையில் வைத்திருக்கும் எழுதும் பெட்டியில் பழைய வட்டைக் கொடுத்து 500 யென் கட்டினால் புது விளையாட்டை ஏற்றித் தருவார்கள். இந்த முறை நிறுவனம் பூட்டை மறக்கவில்லை. ஆனால் அது மின்பூட்டு அல்ல. வட்டின் உறையில் ‘நிண்டெண்டோ’ என்ற எழுத்துகளைப் பள்ளமாகப் பொறித்து, அந்தப் பள்ளம் இருந்தால்தான் வட்டு உள்ளே சரியாக உட்காரும்படி செய்திருந்தார்கள். அனுமதியில்லாமல் வட்டுச் செய்கிறவர் அந்தப் பெயரையும் திருட வேண்டும், அப்போது வணிகக்குறிச் சட்டத்தில் மாட்டுவார் என்பது கணக்கு. போலி வட்டு செய்தவர்கள் ஓரிரு எழுத்தை மாற்றிப் பள்ளம் மட்டும் பொருந்தும்படி பொறித்துக்கொண்டார்கள். ஹாக்கர் இன்டர்நேஷனல் வட்டு நகலெடுக்கும் கருவியை விற்றது. கூடவே, நிண்டெண்டோ ஒருபோதும் அனுமதித்திருக்காத வயதுவந்தோர் விளையாட்டுகளையும் விற்றது. தைவான் வழியாகப் போன அப்படிப்பட்ட மூன்று விளையாட்டுகளை 1991-இல் பனீசியன் என்ற நிறுவனம் அமெரிக்காவிலும் விற்றது. பெரும்பாலும் சீட்டும் மாஜாங்கும் காசு இயந்திரமும்தான். ஆடுகிறவர் ஜெயித்தால் ஒரு பெண்ணின் படம். விளையாட்டாகப் பார்த்தால் இவற்றில் பெரிதாக ஒன்றும் இல்லை, பெண்ணுடலைப் பரிசுச் சாமானாக வைத்தது கூசவைக்கிற விஷயம். ஆனாலும் பூட்டு எங்கே இருக்கிறது, அதைத் தாண்டிப் போவது எப்படி என்று கற்றுக்கொண்ட முதல் கூட்டங்களில் ஒன்று இதுதான். அதனால் இந்த வரலாற்றில் அவர்களை விட்டுவிட முடியாது.

பிறகு சிடி வந்தது. என்இசி நிறுவனம் ஹட்சனோடு சேர்ந்து 1987-இல் வெளியிட்ட பிசி எஞ்சின் பெட்டிக்கு 1988 டிசம்பரில் ஒரு சிடி இயந்திரத்தைச் சேர்த்தது. வீட்டு விளையாட்டுப் பெட்டியில் சிடி செருகியது உலகத்திலேயே அதுதான் முதல் முறை. மாரியோ விளையாட்டு முழுவதும் 40 கிலோபைட்டுக்குள் அடங்கியிருந்த காலம் அது. ஒரு சிடியிலோ 500 மெகாபைட்டுக்கு மேல் இடம். அத்தனை இடத்தில் எதை நிரப்புவது? பாட்டை நிரப்பினார்கள், குரலை நிரப்பினார்கள், கடைசியில் ஓடும் படத்தை நிரப்பினார்கள். கேம்ஸ் எக்ஸ்பிரஸ் என்ற முத்திரையோடு ஹாக்கர் இன்டர்நேஷனலும் பிசி எஞ்சினுக்கு இறங்கியது. அதன் சிடிக்களுக்காக அதுவே விற்ற தனி அட்டை ஒன்றும் வந்தது. ‘ஏவி டான்ஜோ’ போன்ற அதன் சிடிக்களில் வரைந்த பொம்மைகளின் இடத்தில் நிஜப் பெண்களின் படங்கள் வந்தன.

படம் ஓடுகிற விளையாட்டு என்றதும் சினிமா மாதிரி ஓடியிருக்கும் என்று நினைத்துவிடக் கூடாது. கணக்குப் போட்டுப் பார்த்தால் அந்தக் காலத்து எஞ்சினியர்களின் பாடு புரியும். அன்றைய சிடி இயந்திரம் ஒரு நொடிக்கு 75 துண்டு படிக்கும், துண்டுக்கு 2,048 பைட். ஆக 1,53,600 பைட். பின்னால் வந்த விசிடியின் ஒரு சட்டகம் 352-க்கு 288 புள்ளி. அதைச் சுருக்காமல் அப்படியே வைத்தால் 1,52,064 பைட். அதாவது ஒரு நொடி முழுக்கப் படித்தால் ஒரே ஒரு அசையாத படம் கிடைக்கும். டிவியிலோ நொடிக்கு 25 படம் ஓட வேண்டும். அதனால்தான் அந்த விளையாட்டுகளில் வீடியோ தபால்தலை அளவுச் சதுரத்தில் தத்தித் தத்தி ஓடியது. பிசி எஞ்சினின் முதல் சிடி இயந்திரத்தில் படித்ததை வைத்துக்கொள்ள 64 கிலோபைட் நினைவிடம்தான் இருந்தது.

வழி இருந்தவர்கள் வேறு பாதையில் போனார்கள். 1983-இலேயே ஜப்பானில் செகாவின் ‘ஆஸ்ட்ரான் பெல்ட்’, அமெரிக்காவில் ‘டிராகன்ஸ் லேர்’ என்று காசு போட்டு ஆடும் கடைகளில் லேசர் தட்டு விளையாட்டுகள் வந்துவிட்டன. வீட்டுக்கு என்று 1994-இல் பண்டாய் குழந்தைகளுக்காக பிளேடியா என்ற பெட்டியைச் செய்தது. வீடியோவைத் தவிர அதற்கு வேறு வேலை தெரியாது. அதே வருஷம் டிசம்பரில் என்இசி வெளியிட்ட பிசி-எஃப்எக்ஸ், ஓடும் சித்திரப்படத்தையே நம்பி இறங்கியது. அதில் வயதுவந்தோர் விளையாட்டுக்கும் முறைப்படி அனுமதி இருந்தது. அமெரிக்காவில் ‘நைட் டிராப்’ என்ற வீடியோ விளையாட்டைக் காட்டி 1993 டிசம்பரில் செனட் விசாரணையே நடந்து, அடுத்த வருஷம் விளையாட்டுகளுக்கு வயது முத்திரை குத்தும் அமைப்பு உருவானது.

இன்னொரு ஜப்பானிய விளையாட்டையும் சொல்ல வேண்டும். 1995-இல் குரோசாவா என்ற எழுத்தாளர் சூப்பர் ஃபேமிகாமுக்கு ‘ஹாங்காங் 97’ என்று ஒன்றைச் செய்தார். உரிமம் இல்லை, கேசட்டும் இல்லை. கேசட்டை ஃப்ளாப்பிக்கு நகலெடுக்கிற கருவிகள் அப்போது ஹாங்காங் சந்தைகளில் கிடைத்தன, அந்தக் கருவியில் ஓடும் ஃப்ளாப்பியாகவே தபாலில் விற்றார். பத்திரிகையிலிருந்து வெட்டி ஒட்டியதுபோன்ற படங்கள், சில நொடி நீளமுள்ள ஒரே பாட்டு திரும்பத் திரும்ப. விற்றது மிகச் சொற்பம். திருட்டு நகல் எடுக்க வந்த கருவியின் மேல் ஏறிக்கொண்டு ஒரு மனிதர் தன் சொந்தச் சரக்கை விற்றிருக்கிறார். சந்தை என்ற ஒன்று இல்லாமல் அப்படி ஒரு பொருள் பிறந்திருக்க வழியே இல்லை.

சாலைக்கு வந்து சேர்ந்தது இந்தச் சிடி விளையாட்டுகள் அல்ல, அந்தப் பழைய பூட்டில்லாத பெட்டிதான். வழி தைவான். யூஎம்சி என்ற தைவான் நிறுவனம் ஃபேமிகாமின் இரண்டு முக்கியச் சிப்புகளுக்கும் மாற்றுச் சிப் செய்தது. மைக்ரோ ஜீனியஸ், ரஷ்யாவில் டெண்டி, போலந்தில் பெகாசஸ், சீனாவில் சுபோர் என்று ஊருக்கு ஒரு பெயரில் அந்த வகைப் பெட்டி உலகம் சுற்றியது. இந்தியாவில் 1990-களில் சாமுராய், மீடியா, லிட்டில் மாஸ்டர் என்ற பெயர்களில் ஃபேமிகாம் வகைப் பெட்டிகள் விற்றன. அவற்றுக்குக் கீழ்த்தட்டில் பெயரே இல்லாத பெட்டிகள், அல்லது பெரிய நிறுவனத்தின் பெயரை ஓரெழுத்து மாற்றிப் போட்டுக்கொண்ட பெட்டிகள்.

முறைப்படி வந்த பெட்டி என்ன விலை விற்றது தெரியுமா? 1995 ஏப்ரலில் செகா நிறுவனம் ஷா வாலஸ் மூலம் மெகா டிரைவை இந்தியாவில் இறக்கியது. 80 சதவீத இறக்குமதித் தீர்வையைச் சமாளிக்கத்தான் அந்த ஏற்பாடு. அப்படியும் விலை 18,000 ரூபாய். அன்று சாலையில் கணக்கு எழுதுகிற ஒருவரின் பல மாதச் சம்பளம் அது. உரிமம் உள்ள விளையாட்டு, உரிமம் இல்லாத விளையாட்டு என்று இரண்டைப் பக்கத்தில் வைத்துத் தேர்ந்தெடுக்கிற வாய்ப்பு இங்கே இருந்த குடும்பங்களுக்கு வரவே இல்லை. அவர்கள் முன் இருந்தது ஒன்றே ஒன்று.

வாங்கிவந்து மாட்டுவதே ஒரு சடங்கு. ஆன்டெனா வயரைப் பிடுங்கிவிட்டுப் பெட்டியின் வயரைச் செருக வேண்டும். பிறகு டிவியின் சின்னக் கதவைத் திறந்து, உள்ளே இருக்கும் திருகை நகத்தால் மெல்லச் சுற்றிச் சுற்றிச் சேனல் பிடிக்க வேண்டும். புள்ளி மழைக்கு நடுவே எங்கோ ஓரிடத்தில் பட்டியல் தெரியும், கை நடுங்கினால் போய்விடும். தூர்தர்ஷன் செய்திக்கு நேரமாகிவிட்டால் வீட்டுப் பெரியவர் வந்து வயரைப் பிடுங்குவார். மறுநாள் மறுபடி முதலிலிருந்து.

பலரும் அறியாமல் அனுபவித்த ஒன்று இதில் உண்டு. ஜப்பானிய டிவி நொடிக்கு 60 முறை திரையை நிரப்புகிறது; நம் நாட்டின் ‘பால்’ (PAL) டிவி 50 முறை. ஜப்பானிய விளையாட்டுகள் திரை ஒவ்வொரு முறை நிரம்பும்போதும் ஒரு அடி நகரும்படி எழுதப்பட்டவை. தைவான் எஞ்சினியர்கள் பால் டிவிக்கென்று செய்த சிப்பில் ஒரு சாமர்த்தியம் செய்தார்கள்: ஜப்பானியக் கேசட்டின் உள்கணக்கு குழம்பாதபடி, ஒவ்வொரு நிரப்பலுக்கும் முடிவில் வெற்று வரிகளைச் சேர்த்து 50-க்குக் கொண்டுவந்தார்கள். ஐரோப்பாவுக்காக நிண்டெண்டோ செய்த சொந்தப் பெட்டியைவிட ஜப்பானியக் கேசட்டுகளை இந்தப் பெட்டிகள் பிழையில்லாமல் ஓட்டின. ஆனால் வேகம் ஆறில் ஒரு பங்கு குறைந்தது. அப்படிப்பட்ட பெட்டியில் ஆடியவர்கள் கேட்ட மாரியோ பாட்டு, டோக்கியோவில் அதே வயதுப் பிள்ளை கேட்ட பாட்டைவிட மெதுவானது. பிற்காலத்தில் கம்ப்யூட்டரில் அசலைக் கேட்கும்போது ஏதோ அவசரத்தில் ஓடுவதாகத் தோன்றுவது அதனால்தான்.

64 இன் 1 என்ற கேசட்டுகள் பலவற்றில் 64 விளையாட்டு கிடையாது. ஏழெட்டு இருக்கும், அவையே வேறு வேறு பெயரில், வேறு வேறு கட்டத்திலிருந்து தொடங்கும்படி திரும்பத் திரும்ப வரும். 9999999 இன் 1 என்றும் அச்சடித்தார்கள். பட்டியலைக் கடைசிவரை தள்ளிப் பார்த்து ஏமாந்த பிள்ளைகள் ஏராளம். அதைவிட வருத்தமான காரியம் ஒன்று அந்தக் கேசட்டுகளுக்குள் நடந்தது. முகப்புத் திரையில் இருந்த நிறுவனத்தின் பெயரையும் வருஷத்தையும் நகல் எடுத்தவர்கள் பல கேசட்டுகளில் அழித்தார்கள். வழக்குக்குப் பயந்து செய்த வேலை. ‘கான்ட்ரா’ கோனாமி செய்தது என்றோ, மாரியோவைப் படைத்தவர் ஷிகேரு மியாமோட்டோ என்றோ அந்தத் தலைமுறைக்குத் தெரியவே தெரியாது. பாடகர் பெயரும் இசையமைப்பாளர் பெயரும் போடாத பாட்டு கேசட்டைச் சாலையில் ஒருவரும் வாங்கியிருக்க மாட்டார்கள். விளையாட்டுக்கு ஆசிரியர் உண்டு என்ற எண்ணமே இங்கே வேர்விடாமல் போனதற்கு இந்த அழிப்பு ஒரு காரணம். ராயல்டிப் பணம் போகாததைவிட இது பெரிய இழப்பு.

கீபோர்டு வடிவத்தில் வந்த பெட்டிகளை இங்கே குறிப்பிடாமல் போகக் கூடாது. 1984-இல் நிண்டெண்டோ, ஹட்சனோடும் ஷார்ப்போடும் சேர்ந்து ஃபேமிகாமுக்கு ‘ஃபேமிலி பேசிக்’ என்ற கீபோர்டையும் மொழியையும் வெளியிட்டது. அதன் நகல் ‘ஜி-பேசிக்’ என்ற பெயரில் சீனக் கீபோர்டுப் பெட்டிகளுக்குள் வந்தது. விளையாட்டு என்றால் வாங்கித் தராத அப்பாக்கள் கம்ப்யூட்டர் என்றதும் வாங்கித் தந்தார்கள். திருவனந்தபுரத்தில் 1973-இலேயே கெல்ட்ரான் தொடங்கி டிவி செய்தது, 1990-இல் நாட்டின் முதல் தொழில்நுட்பப் பூங்காவான டெக்னோபார்க் வந்தது. ஆனால் சாலையைச் சுற்றிய வீடுகளில் ஒரு பிள்ளை முதன்முதலாக ஒரு வரி நிரல் தட்டி, திரை தன் சொல் கேட்பதைப் பார்த்தது என்றால், அது பெரும்பாலும் இந்த ஜி-பேசிக்கில்தான் இருந்திருக்கும்.

வீடியோவின் கதை இதற்குப் பக்கத்திலேயே தனியாக ஓடிக்கொண்டிருந்தது. 1980-களில் வளைகுடாவிலிருந்து வந்த பெட்டிகளில் விசிஆர் வந்தது. தெருவுக்கு ஒரு வீடியோ லைப்ரரி முளைத்தது. 1993-இல் சோனி, பிலிப்ஸ், ஜேவிசி, மட்சுஷிடா நான்கும் சேர்ந்து விசிடி என்ற முறையை வகுத்தன. முன்னே சொன்ன கணக்கின் முடிச்சை அது அவிழ்த்தது: படத்தை இருபது மடங்குக்கும் மேல் சுருக்கி, ஒரே சிடியில் 74 நிமிடம். அமெரிக்காவில் அது எடுபடவில்லை. ஆசியாவை ஆண்டது. எந்த அளவுக்கு என்றால், 1997-இல் சோனி ஆசியச் சந்தைக்கென்றே விசிடி ஓட்டும் வெள்ளை நிற பிளேஸ்டேஷன் ஒன்றைச் செய்தது. எந்த விசிடியைக் கம்ப்யூட்டரில் போட்டாலும் உள்ளே ஏவிசீக் 01 என்ற கோப்பு இருக்கும். ரஜினி படமானாலும் மோகன்லால் படமானாலும் அதற்கு ஒரே பெயர்தான். பூட்டு எதுவும் கிடையாது.

சாலையிலிருந்து ஆட்டோ பிடித்தால் கொஞ்ச நேரத்தில் பீமாபள்ளி. விமான நிலையத்தை ஒட்டிய கடற்கரையில், உரூஸுக்குப் பேர் போன தர்கா இருக்கும் ஊர். வெளிநாட்டுச் சாமான் விற்ற அந்தத் தெரு, சிடி வந்ததும் கேரளம் முழுக்கத் தெரிந்த சிடிச் சந்தை ஆனது. சென்னைக்கு 1969-இல் பர்மா அகதிகளுக்காகத் தொடங்கிய பர்மா பஜார் எப்படியோ, திருவனந்தபுரத்துக்கு அப்படிப் பீமாபள்ளி. டிசம்பரில் சர்வதேசத் திரைப்பட விழாவுக்கு வருகிறவர்கள் படம் முடிந்த கையோடு அங்கே போய் இயக்குநர்கள் அகிரா குரோசாவாவையும் கொரியாவின் கிம் கி-டுக்கையும் கட்டுக் கட்டாக வாங்கினார்கள். 2013 விழாவுக்குக் கிம் கி-டுக் நேரில் வந்தபோது தெருவில் போகிறவர்கள்கூட அவரை அடையாளம் கண்டுகொண்டார்கள் என்றால், கொரியப் படம் முறையாகக் கடைக்கு வருவதே அரிதான ஊரில் அந்தப் பரிச்சயம் எப்படி வந்தது என்று ஊகிக்கலாம். விழா பாதி, அந்தச் சிடிக் கடைகள் பாதி. அதே சமயம், வெள்ளிக்கிழமை வெளியான படம் ஞாயிற்றுக்கிழமை சிடியாக வந்து தயாரிப்பாளரை நடுத்தெருவில் நிறுத்தியதும் உண்மை. இரண்டையும் சேர்த்தே சொல்ல வேண்டும்.

சட்டமும் கை கட்டிக்கொண்டு இருக்கவில்லை. 1957-ஆம் ஆண்டுப் பதிப்புரிமைச் சட்டத்தில் 1984-இல் செய்த திருத்தம் கம்ப்யூட்டர் நிரலையும் இலக்கியப் படைப்பாகச் சேர்த்தது. ஆக, சட்டத்தின் கண்ணில் மாரியோவும் கடைத்தெருக் கதைகளும் ஒரே இனம். 1995 மேயில் நடைமுறைக்கு வந்த அடுத்த திருத்தம் திருட்டு நிரலைத் தெரிந்தே கம்ப்யூட்டரில் பயன்படுத்துகிறவருக்குக் குறைந்தது 7 நாள் சிறை என்றது. தமிழ்நாடு 2004-இல் வீடியோ திருடர்களைக் குண்டர் சட்டத்துக்குள் கொண்டுவந்தது. சோதனைகள் எல்லாம் சினிமா சிடியைத் தேடித்தான் நடந்தன. கேசட்டைக் காப்பாற்ற ஆளில்லை, அதன் முதலாளிகள் கடலுக்கு அப்பால் இருந்தார்கள். சந்தையைக் கடைசியில் குலுக்கியது சட்டத்தைவிட விலைதான். 2007 வாக்கில் மோசர் பேர் நிறுவனம் உரிமம் பெற்ற விசிடியை 28 ரூபாய்க்கும் டிவிடியை 34 ரூபாய்க்கும் விற்றபோது, திருட்டு சிடி வாங்கக் காரணமே பாதி போய்விட்டது.

விளையாட்டு, வீடியோ என்ற இரண்டு பாதையும் முட்டிக்கொண்டது அந்தக் காலத்தில்தான், அதுவும் ஒருவரும் எதிர்பாராத ஒரு பெட்டிக்குள். சீனாவிலிருந்து வந்த மலிவு டிவிடி ப்ளேயர்களின் சிப்பில், படம் ஓட்டும் வேலையோடு ஃபேமிகாம் விளையாட்டை ஓட்டும் திறனையும் சேர்த்துவிட்டார்கள். ப்ளேயரோடு இரண்டு ஜாய்ஸ்டிக் இலவசம், கூடவே ‘300 கேம்ஸ்’ என்று அச்சிட்ட ஒரு சிடி. முன்பக்கத் துளையில் ஜாய்ஸ்டிக்கைச் செருகி, சிடியைப் போட்டால் படத்துக்குப் பதிலாகப் பட்டியல் வரும். மாரியோ வருவார், டாங்க் வரும், வாத்து பறக்கும். ஜப்பானில் உரிமம் இல்லாத விளையாட்டுக்காரர்கள் வீடியோவைப் பிடிக்கச் சிடிக்குள் ஏறினார்கள். இங்கே வீடியோ ஓட்டும் பெட்டி விளையாட்டைத் தன் தட்டில் ஏற்றிக்கொண்டது. 40 கிலோபைட் விளையாட்டுக்கு முழு சிடி ஒரு சமுத்திரம். முந்நூறையும் கொட்டிய பிறகும் தட்டில் பெரும்பகுதி காலியாகவே கிடந்தது.

சின்னத்திரை தட்டையானபோது, இந்தப் பெட்டிகளில் மாட்டி வாத்து சுடும் பொம்மைத் துப்பாக்கி முதலில் செத்தது. விசையை அழுத்தியதும் திரை ஒரு கணம் இருண்டு, வாத்து இருந்த இடத்தில் மட்டும் வெள்ளைச் சதுரம் மின்னும். துப்பாக்கியின் குழாய்க்குள் இருக்கும் ஒளிக்கண் அதைப் பார்த்தால் வாத்து விழும். பழைய பிக்சர் டியூப்பின் வேகத்தை நம்பிச் செய்த வித்தை அது. எல்சிடி திரை அந்த வெள்ளைச் சதுரத்தைக் காட்டுவதற்குள் கணக்கு முடிந்துவிடும். எவ்வளவு நேராகக் குறிவைத்தாலும் வாத்து விழாது.

பெட்டிகள் மட்டும் சாகவில்லை. ஃபேமிகாமின் அசல் காப்புரிமைகள் 2000-களின் தொடக்கத்தில் காலாவதி ஆகிவிட்டதால் பெட்டியை நகலெடுப்பது குற்றமில்லாமல் போனது. உள்ளே இருக்கும் விளையாட்டுகளின் பதிப்புரிமைதான் இன்னும் மிச்சம். ‘சப்’ என்ற பெயர் போட்ட, சீப்பு அளவிலான கையடக்கப் பெட்டி இப்போது பொம்மைக் கடைகளில் தொங்குகிறது. ‘400 இன் 1’. இந்த முறை எண் ஏறக்குறைய நிஜம். பெட்டியின் முதுகைத் திறந்தால் உள்ளே இருப்பது ஒரு காலத்தில் வீட்டுக்கு வீடு இருந்த நோக்கியா போனின் அதே பிஎல்-5சி பேட்டரி. கடைக்காரர் அதைக் கழற்றித் துடைத்து, மறுபடி செருகி, பொத்தானை அழுத்துகிறார். மூன்று அங்குலத் திரையில் பட்டியல் வருகிறது. முதல் வரியில் மாரியோ இருக்கிறார். முகப்பில் இன்னும் நிறுவனத்தின் பெயர் இல்லை.